சராசரி இலாபத்திலிருந்து நற்பெயர்: கூட்டலுக்கு முன் செய்ய வேண்டிய வேலை

ஒரு தொழிலின் நற்பெயரைக் கடந்தகால இலாபங்களின் சராசரியிலிருந்து மதிப்பிடும் முறை, கணக்குப்பதிவியல் படித்த எவருக்கும் ஒரே வரியில் நினைவிருக்கும். சில ஆண்டுகளின் இலாபத்தைக் கூட்டி, அந்த ஆண்டுகளின் எண்ணிக்கையால் வகுத்து, கிடைக்கும் சராசரியைக் கொள்முதல் ஆண்டுகளின் எண்ணிக்கையால், அதாவது எத்தனை ஆண்டு இலாபத்தை விலையாகக் கொடுப்பது என்று ஒப்புக்கொள்ளும் எண்ணால், பெருக்கினால் விடை வந்துவிடும். கூட்டாண்மை நிறுவனங்களின் கணக்குகளோடு நாள்தோறும் புழங்குகிறவன் என்ற முறையில் நான் இங்கே எழுத விரும்புவது, அந்தக் கூட்டலுக்கு முன்னால் நடக்க வேண்டிய வேலையைப் பற்றித்தான். எந்த இலாபத்தைக் கூட்டுவது என்ற தீர்மானத்தில்தான் மதிப்பீட்டின் நேர்மை முழுவதும் அடங்கியிருக்கிறது. ஆனால், அந்தத் தீர்மானத்தைப் பலர் எடுப்பதே இல்லை. இலாப நட்டக் கணக்கின் கடைசி வரியில் என்ன தொகை இருக்கிறதோ, அதையே எடுத்துப் பட்டியலில் எழுதிவிடுகிறார்கள்.

நற்பெயர் என்பது எதற்குக் கொடுக்கப்படும் விலை என்பதை மனத்தில் நிறுத்திக்கொண்டால், அந்தக் கடைசி வரி ஏன் போதாது என்பது விளங்கும். 1810இல் இங்கிலாந்தில் ஒரு வழக்கைத் தீர்த்த எல்டன் பிரபு, பழைய வாடிக்கையாளர்கள் பழைய இடத்துக்கே திரும்பி வரக்கூடிய வாய்ப்பே நற்பெயர் என்ற பொருளில் விளக்கம் தந்தார். 1901இல் மற்றொரு வழக்கில் மெக்னாட்டன் பிரபு, வாடிக்கையை ஈர்த்துக் கொண்டுவரும் ஆற்றல் என்று அதை விரித்துரைத்தார். நிலைபெற்ற பழைய தொழிலைப் புதிதாகத் தொடங்கும் தொழிலிலிருந்து பிரித்துக் காட்டுவது அதுவே என்றும் சொன்னார். இரண்டு விளக்கங்களும் இனி வரப்போகும் காலத்தையே நோக்குகின்றன. தொழிலை வாங்குபவரோ புதிதாகச் சேரும் கூட்டாளியோ பணம் கொடுப்பது, நேற்று பிறர் ஈட்டி எடுத்துக்கொண்டுவிட்ட இலாபத்துக்காக அன்று. நாளை தம் கைக்கு வரப்போகும் இலாபத்துக்காக. நாளைய இலாபத்தை யாரும் பார்க்க முடியாததால், நேற்றைய இலாபத்தைச் சாட்சிக்கு அழைக்கிறோம். ஆகவே, மீண்டும் நிகழ வாய்ப்பில்லாத எதுவும் அந்தச் சாட்சியத்தில் கலந்திருக்கக் கூடாது. இனி நிச்சயம் நிகழப்போகும் எதுவும் அதில் விடுபட்டிருக்கவும் கூடாது.

ஒரு நிறுவனத்தின் ஐந்து ஆண்டு இலாபத்தை எடுத்துக்கொள்வோம். எண்களை மட்டும் தருகிறேன். எந்த நாட்டுப் பணமாகவும் அவற்றைக் கொள்ளலாம். முதல் ஆண்டில் 4,00,000, இரண்டாம் ஆண்டில் 4,60,000, மூன்றாம் ஆண்டில் 3,10,000, நான்காம் ஆண்டில் 6,20,000, ஐந்தாம் ஆண்டில் 5,60,000. மொத்தம் 23,50,000, சராசரி 4,70,000. மூன்று ஆண்டுக் கொள்முதல் என்று வைத்துக்கொண்டால் நற்பெயரின் மதிப்பு 14,10,000 ஆகிறது. பலர் இந்த இடத்திலேயே பேனாவை மூடிவிடுவார்கள்.

இப்போது பேரேட்டைத் திறந்து பார்ப்போம். மூன்றாம் ஆண்டில் தீ விபத்து ஒன்றில் சரக்கு எரிந்திருக்கிறது. காப்பீட்டிலிருந்து கிடைத்தது போக, நிறுவனம் தாங்கிய இழப்பு 1,50,000. அதை அந்த ஆண்டின் இலாபத்தோடு திரும்பச் சேர்த்தால் 4,60,000 ஆகும். நான்காம் ஆண்டில் பழைய இயந்திரம் ஒன்றை விற்றதில் கிடைத்த 80,000 ஆதாயம் இலாபத்தில் சேர்ந்திருக்கிறது. அதைக் கழித்தால் 5,40,000. ஐந்தாம் ஆண்டின் இறுதிச் சரக்கிருப்பை 40,000 கூடுதலாக மதிப்பிட்டிருக்கிறார்கள். அதையும் கழித்தால் 5,20,000. திருத்திய மொத்தம் 23,80,000, சராசரி 4,76,000, மூன்று ஆண்டுக் கொள்முதலில் 14,28,000. இவ்வளவு தேடியும் மாற்றம் 18,000 மட்டுமே. ஒன்று மேலே தள்ள, மற்றவை கீழே இழுக்க, திருத்தங்கள் ஏறக்குறைய ஒன்றையொன்று சரிக்கட்டிவிட்டன.

ஆனால், இன்னும் ஒரு திருத்தம் பாக்கியிருக்கிறது. இந்த நிறுவனத்தை நடத்தும் கூட்டாளி ஒருவர் முழுநேரமும் அங்கேயே உழைக்கிறார்; அவருக்கு ஊதியம் என்று எதுவும் கணக்கில் எழுதப்படுவதில்லை. அவர் செய்யும் வேலைக்கு வெளியிலிருந்து ஒரு மேலாளரை அமர்த்தினால் ஆண்டுக்கு 1,20,000 கொடுக்க வேண்டியிருக்கும் என்று வைத்துக்கொள்வோம். அந்தத் தொகையை ஒவ்வோர் ஆண்டின் இலாபத்திலிருந்தும் கழித்தாக வேண்டும். கழித்தபின் சராசரி 3,56,000. நற்பெயரின் மதிப்பு 10,68,000. முதலில் வந்த விடையிலிருந்து 3,42,000 குறைந்துவிட்டது.

இந்த வேறுபாடு எங்கிருந்து வருகிறது என்பதைச் சற்று நின்று பார்ப்பது நல்லது. ஏனென்றால், இந்த முறையில் நடக்கும் பெரிய தவறுகள் பலவற்றுக்கும் வேர் இங்கேதான் இருக்கிறது. ஒரே ஓர் ஆண்டில் நிகழ்ந்த தீ விபத்து இழப்பு 1,50,000 என்றாலும், ஐந்தால் வகுபடும்போது சராசரியில் 30,000 அளவுக்குத்தான் அது தெரியும்; மூன்றால் பெருக்கினால் 90,000. ஆண்டுதோறும் விடுபட்டுவரும் 1,20,000 அப்படி வகுபடுவதில்லை. அது முழுத் தொகையாகச் சராசரியில் உட்கார்ந்து, மூன்றால் பெருகி, 3,60,000 ஆகிறது. தீ விபத்தும் இயந்திர விற்பனையும் எல்லோர் கண்ணிலும் படுகின்றன; அவற்றைப் பற்றிக் காரசாரமாக விவாதிக்கிறார்கள். ஆண்டுதோறும் அமைதியாக விடுபடும் செலவுகளோ எந்தப் பதிவிலும் இல்லாததால் கண்ணில் படுவதில்லை. எழுதப்பட்டதைச் சரிபார்ப்பது எளிது, எழுதப்படாததைக் கேட்டறிவதுதான் மதிப்பீட்டாளரின் வேலை.

அப்படி எழுதப்படாமல் போகும் செலவுகள் எல்லாத் தொழிலிலும் ஏறக்குறைய ஒரே வகையானவை. உரிமையாளரின் சொந்தக் கட்டடத்தில் வாடகை இல்லாமல் தொழில் நடக்கலாம். வாங்குபவர் வாடகை கொடுத்தாக வேண்டும். குடும்பத்தினர் ஊதியம் பெறாமல் உதவலாம். அந்த உதவி புதியவருக்குக் கிடைக்காது. சொத்துக்களுக்குக் காப்பீடே எடுக்காமல் இருந்திருக்கலாம். இனி எடுப்பதானால் அதற்கான முனைமம் (பிரீமியம்) ஆண்டுச் செலவாக வந்து சேரும். இதற்கு நேர்மாறான ஒன்றும் உண்டு. தொழிலுக்கு வெளியே செய்த முதலீடுகளிலிருந்து வரும் வட்டியும் பங்காதாயமும் இலாபத்தில் கலந்திருந்தால் அவற்றைக் கழித்துவிட வேண்டும். அந்த முதலீடுகளுக்கு உரிய விலையைத் தனியே கொடுத்தபின், அவற்றின் வருமானத்தையும் நற்பெயருக்குள் மூன்று மடங்காகச் சேர்த்தால், ஒரே பொருளுக்கு இரண்டு முறை விலை கொடுத்ததாகிவிடும்.

பல ஆண்டுகள் பயன்தரும் சொத்துக்கான முதலினச் செலவை, அந்த ஆண்டோடு தீரும் வருவாயினச் செலவாக எழுதிவிட்ட பிழையைத் திருத்தும்போது பலர் பாதியிலேயே நின்றுவிடுகிறார்கள் என்பதையும் சொல்ல வேண்டும். நான்காம் ஆண்டின் தொடக்கத்தில் வாங்கிய 1,00,000 மதிப்புள்ள இயந்திரத்தைப் பழுதுபார்ப்புச் செலவில் எழுதியிருந்தால், அந்தத் தொகையை நான்காம் ஆண்டின் இலாபத்தோடு திரும்பச் சேர்ப்பதோடு வேலை முடிவதில்லை. ஆண்டுதோறும் மீதமுள்ள மதிப்பின்மேல் கணக்கிடும் குறைந்து செல் மதிப்பு முறையில் 10 விழுக்காடு தேய்மானம் என்றால், நான்காம் ஆண்டில் 10,000 கழித்து 90,000 மட்டுமே சேர்க்க வேண்டும். ஐந்தாம் ஆண்டில் 9,000 கழிக்க வேண்டும். சரக்கிருப்புப் பிழையிலும் இதே தொடர்ச்சி உண்டு. ஓர் ஆண்டின் இறுதிச் சரக்கிருப்பு அடுத்த ஆண்டின் தொடக்கச் சரக்கிருப்பு ஆவதால், நடுவில் உள்ள ஓர் ஆண்டில் கூடுதலாக மதிப்பிட்டால், அந்த ஆண்டில் ஏறிய இலாபம் அடுத்த ஆண்டில் அதே அளவு இறங்கி, எளிய சராசரியில் பிழை தானாகவே மறைந்துவிடும். கடைசி ஆண்டில் நேர்ந்த பிழைக்கு மட்டும் அந்தச் சமன்பாடு கிடையாது. அதன் மறுபாதி கணக்கில் எடுத்த காலத்துக்கு வெளியே போய் விழுகிறது. விலைபேசும் நேரத்தில் இலாபத்தை உயர்த்திக் காட்ட விரும்புகிறவர் கைவைக்கும் இடமும் இதுவே என்பதால், வேறு எந்த ஆண்டின் சரக்குப் பட்டியலைப் பார்க்காவிட்டாலும் கடைசி ஆண்டின் பட்டியலைப் பொருள் பொருளாகப் பார்த்தாக வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

எது அசாதாரணமானது என்பதிலும் தெளிவு வேண்டும். விற்பவருக்கு இழப்புகள் எல்லாம் அசாதாரணமாகத் தெரியும், வாங்குபவருக்கு ஆதாயங்கள் எல்லாம் அப்படித் தெரியும். இரண்டு பக்கத்துக்கும் ஒரே கேள்வியைக் கேட்பதுதான் முறை: இந்தத் தொழிலின் இயல்பில் இது மறுபடியும் வருமா? ஐந்து ஆண்டுகளில் மூன்று ஆண்டுகள் பெரிய வாராக்கடன் இழப்பு வந்திருந்தால், அது அந்தத் தொழிலின் வழக்கமான செலவு. ஒவ்வொரு முறையும் வேறொரு வாடிக்கையாளர் ஏமாற்றினார் என்பதால் அது அசாதாரணம் ஆகிவிடாது. நட்டம் வந்த ஆண்டையே பட்டியலிலிருந்து நீக்கிவிடலாம் என்று சிலர் சொல்வதையும் நான் ஏற்பதில்லை. நட்டத்தைக் கழித்தல் குறியோடு கூட்டலில் சேர்க்க வேண்டும், வகுக்கும்போது அந்த ஆண்டையும் எண்ண வேண்டும். நட்டத்தைக் கழித்துவிட்டு இலாபம் வந்த ஆண்டுகளின் எண்ணிக்கையால் மட்டும் வகுக்கும் பிழை, பார்வைக்குச் சிறியதாகத் தெரிந்தாலும் சராசரியை உயர்த்திவிடும். ஓர் ஆண்டு முழுவதுமே இயல்பு குலைந்திருந்தால் மட்டும் நிலைமை வேறு. 2020இல் பெருந்தொற்று ஊரடங்கால் மாதக்கணக்கில் மூடிக்கிடந்த தொழில்களில், குறிப்பிட்ட ஒரு தொகையைத் திருத்தி அந்த ஆண்டை நேராக்கிவிட முடியாது. அப்படிப்பட்ட ஆண்டை விட்டுவிட்டு, அதற்கு முந்தைய ஆண்டு ஒன்றைச் சேர்த்துக்கொள்வதாக இரு தரப்பும் எழுத்தில் ஒப்புக்கொள்வதே நல்லது.

திருத்தங்கள் முடிந்தபின், எளிய சராசரியா, பிந்தைய ஆண்டுகளுக்குக் கூடுதல் எடை கொடுக்கும் நிறையிட்ட சராசரியா என்ற கேள்வி வருகிறது. திருத்திய இலாபங்கள் இப்போது முறையே 2,80,000, 3,40,000, 3,40,000, 4,20,000, 4,00,000 என்று இருக்கின்றன. இவற்றுக்கு 1 முதல் 5 வரை நிறை கொடுத்துப் பெருக்கினால் மொத்தம் 56,60,000; நிறைகளின் கூடுதலான 15ஆல் வகுத்தால் ஏறக்குறைய 3,77,333; மூன்று ஆண்டுக் கொள்முதலில் 11,32,000. இப்போது இதே ஐந்து எண்களைத் தலைகீழாக அடுக்கிப் பாருங்கள்: 4,00,000இல் தொடங்கி 2,80,000இல் முடிகிற தொழில் ஒன்று இருப்பதாகக் கொள்ளுங்கள். எளிய சராசரி அதற்கும் அதே 3,56,000 என்றே சொல்லும். வளர்ந்துவரும் தொழிலுக்கும் தேய்ந்துவரும் தொழிலுக்கும் ஒரே விலையைக் காட்டும், ஏனென்றால் கூட்டலுக்கு வரிசை ஒரு பொருட்டன்று. நிறையிட்ட சராசரியோ இரண்டாவது தொழிலுக்கு 50,20,000ஐ 15ஆல் வகுத்து, மூன்றால் பெருக்கி, 10,04,000 என்று விடை தரும். இரண்டு தொழில்களுக்கும் இடையே 1,28,000 வேறுபாடு தெரிகிறது.

ஆகவே, இலாபம் ஒரே திசையில் தெளிவாக ஏறுகிறது அல்லது இறங்குகிறது என்றால் நிறையிட்ட சராசரியையே எடுக்க வேண்டும் என்பேன். ஏறியும் இறங்கியும் ஒரு திசையும் காட்டாமல் அலைகிற இலாபத்துக்கு எளிய சராசரியே பொருந்தும், அங்கே கடைசி ஆண்டுக்குக் கூடுதல் நிறை கொடுப்பது தற்செயலுக்குக் கூடுதல் விலை கொடுப்பதாகும். இன்னொன்றையும் கவனிக்க வேண்டும்: நிறையிட்ட முறையில் கடைசி ஆண்டின் பிழை ஐந்தால் பெருகி, 15ஆல் வகுபடுகிறது. சரக்கிருப்பில் 40,000 கூடுதல் மதிப்பைக் கண்டுபிடிக்காமல் விட்டிருந்தால், எளிய முறையில் சராசரி 8,000 கூடியிருக்கும்; நிறையிட்ட முறையில் அது 13,333 ஆகிவிடும்.

கொள்முதல் ஆண்டுகளின் எண்ணிக்கைதான் இந்தக் கணக்கில் கணிதத்துக்கு மிகக் குறைவாகக் கட்டுப்படுகிற பகுதி. திருத்திய அதே சராசரியை இரண்டால் பெருக்கினால் 7,12,000, நான்கால் பெருக்கினால் 14,24,000. அதுவரை செய்த எல்லாத் திருத்தங்களையும் இந்த ஒரு பெருக்கல் விழுங்கிவிடக்கூடும். எத்தனை ஆண்டுகளுக்குப் பழைய தொடர்புகளின் பயன் புதியவருக்கு நீடிக்கும், அல்லது வெறுங்கையோடு தொடங்கும் ஒருவர் இதே நிலையை எட்ட எத்தனை ஆண்டுகள் உழைக்க வேண்டியிருக்கும் என்பதுதான் இந்த எண்ணின் பொருள். மருத்துவர், வழக்கறிஞர் போன்றோரின் தொழிலில் நம்பிக்கை அந்த மனிதரோடு ஒட்டியிருக்கிறது. அவர் விலகினால் வாடிக்கையாளரும் விலகுவர் என்பதால் எண் சிறியதாக இருக்க வேண்டும். இடத்தாலோ வணிகக் குறியாலோ நீண்டகால ஒப்பந்தங்களாலோ நிற்கும் தொழிலுக்குச் சற்றுப் பெரிய எண் பொருந்தும். காப்புரிமையோ குத்தகையோ இரண்டு ஆண்டுகளில் முடியப்போகிறது என்றால், அந்த உரிமையால் மட்டுமே வரும் இலாபத்துக்கு ஐந்து ஆண்டுக் கொள்முதல் கேட்பதில் நியாயமே இல்லை. எண்ணைத் தேர்ந்தெடுக்கும்போது அதற்கான காரணத்தையும் ஒரு வரியில் எழுதி வைக்கச் சொல்வது என் வழக்கம். காரணத்தை எழுத முடியாத எண், பேரத்தில் பிறந்த எண்ணாகவே இருக்கும்.

சராசரி இலாப முறையின் பெரிய குறை ஒன்றையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். இலாபம் ஈட்ட எவ்வளவு முதல் போடப்பட்டது என்பதை இந்த முறை கேட்பதே இல்லை. சராசரி இலாபம் 3,56,000 ஈட்டும் நிறுவனத்தில் போட்ட முதல் 10,00,000 என்றும், அத்தகைய தொழிலில் இயல்பான ஈட்டு விகிதம் 10 விழுக்காடு என்றும் கொண்டால், இயல்பான இலாபம் 1,00,000. அதற்கு மேல் வருகிற 2,56,000 உயர் இலாபம். போட்ட முதல் 50,00,000 என்றால் இயல்பான இலாபமே 5,00,000 ஆகிவிடும். நிறுவனம் அதைக்கூட எட்டவில்லை. சராசரி இலாப முறை இரண்டுக்கும் 10,68,000 என்றே விடை சொல்லும். இரண்டாவது நிறுவனத்துக்கு அந்த விலையைக் கொடுப்பவர், வேறெங்கும் அந்த முதலைப் போட்டிருந்தால் கிடைத்திருக்கக்கூடிய வருமானத்தைவிடக் குறைவானதற்குக் கூடுதல் பணம் கொடுக்கிறார். எனவே, கூட்டாளிகளின் எழுத்து ஒப்பந்தமான ஒப்பாவணத்தில் சராசரி இலாப முறையே குறிக்கப்பட்டிருந்தாலும், உயர் இலாபத்தையும் ஒருமுறை கணக்கிட்டு இரு தரப்பிடமும் காட்டிவிடுவேன்.

கிடைத்த மதிப்பைக் கணக்கில் எழுதுவது பற்றிச் சுருக்கமாக. நிறுவனம் தானே வளர்த்துக்கொண்ட நற்பெயரைச் சொத்தாகப் பதிவு செய்யக் கூடாது என்பது பன்னாட்டுக் கணக்கியல் தரநிலை 38இன் விதி. ஆகவே, கூட்டாளி சேரும்போதும் விலகும்போதும் நற்பெயரை இருப்புநிலைக் குறிப்பில் ஏற்றாமல், கூட்டாளிகளின் முதல் (மூலதன) கணக்குகளுக்குள்ளேயே சரிக்கட்டுவதுதான் இன்றைய நடைமுறை. புதிய கூட்டாளி நான்கில் ஒரு பங்குக்குச் சேர்ந்தால், 10,68,000இல் அவர் பங்கான 2,67,000ஐக் கொண்டுவருகிறார். பழைய கூட்டாளிகள் அதைத் தியாக விகிதத்தில், அதாவது புதியவருக்காகத் தத்தம் பங்கில் விட்டுக்கொடுத்த அளவின்படி, பிரித்துக்கொள்கிறார்கள். விலகும்போது, தொடர்கிற கூட்டாளிகள் ஆதாய விகிதத்தில், அதாவது விலகுபவரின் பங்கிலிருந்து தாம் பெறும் அளவின்படி, அவருக்கு ஈடு தருகிறார்கள். திருத்தம் செய்யாத 14,10,000ஐ அடிப்படையாக வைத்திருந்தால் புதியவர் 3,52,500 கொடுத்திருப்பார். 85,500 அவர் கையிலிருந்து காரணமில்லாமல் போயிருக்கும்.

இவை எல்லாவற்றையும் பிரிவு வந்தபின் உட்கார்ந்து பேசுவது மிகக் கடினம். அப்போது ஒவ்வொருவருக்கும் தமக்குச் சாதகமான விடை முன்கூட்டியே தெரிந்திருக்கும். அந்த விடை வரும்படியாகவே ஆண்டுகளையும் நிறைகளையும் பெருக்கும் எண்ணையும் கேட்பார்கள். யார் விலகுவார், யார் சேருவார் என்று யாருக்கும் தெரியாத தொடக்க நாளிலேயே கூட்டாண்மை ஒப்பாவணத்தில் இவற்றை எழுதிவிட வேண்டும்: எத்தனை ஆண்டுகளின் இலாபம், எளிய சராசரியா நிறையிட்டதா, கொள்முதல் ஆண்டுகள் எத்தனை, வரிக்கு முந்தைய இலாபமா பிந்தைய இலாபமா, உழைக்கும் கூட்டாளியின் ஊதியமாக எவ்வளவு கழிக்க வேண்டும், அந்த ஊதியத்தை எத்தனை ஆண்டுகளுக்கு ஒருமுறை திருத்த வேண்டும். கூட்டாளி ஒருவர் ஆண்டின் நடுவில் இறந்துவிட்டால் என்ன செய்வது என்பதற்கும் தனியே ஒரு பிரிவு வேண்டும். நற்பெயருக்கான சராசரிக்கு, இறந்த தேதிக்கு முன் முழுமையாக முடிந்த கணக்காண்டுகளை மட்டுமே எடுப்பது என்றும், நடப்பாண்டில் இறந்த தேதி வரையிலான இலாபத்தில் அவருக்குரிய பங்கைத் தனிக் கணக்காகத் தீர்ப்பது என்றும் அந்தப் பிரிவில் எழுதிவிட்டால், அவருடைய வாரிசுகள் கணக்கறியாதவர்களாக இருந்தாலும் அவர்களுக்குச் சேர வேண்டிய தொகையை யாரும் தம் விருப்பப்படி மாற்ற முடியாது.